அனுமதி வேண்டாத வேலைகள்

"எழுதி வெச்சுக்கோ பாஸ். அந்தக் கெழவன் வூட்டுத் தரைக்கு அடியில பொணம் கீது."

இப்படி அறிவித்துவிட்டு, தட்டில் இருந்த மிளகாய் பஜ்ஜியில் பெரியதாகப் பார்த்து ஒன்றை எடுத்துக் கடித்தாள் ஷாலு. பிணத்தைப் பற்றிப் பேசும்போது பசி எடுக்கிற பெண் ராயபுரத்தில் அவள் ஒருத்தியாகத்தான் இருக்க வேண்டும்.

துப்பறியும் பக்தவச்சலம் மூக்குக் கண்ணாடியைச் சட்டை நுனியில் துடைத்துக்கொண்டிருந்தார். மீன்பிடித் துறைமுகத்துக்கு எதிரே, ஐஸ் கம்பெனி ஒன்றின் மாடியில் இருந்தது அவருடைய ஆபீஸ். கீழே ஐஸ் உடைக்கிற சத்தம், ஜன்னல் வழியாகக் கருவாட்டு வாசனை, நடுவில் இவர்கள் இரண்டு பேர். துப்பறிய வருவதற்கு முன்னால் அவர் பல வருஷம் வீட்டு பிளான் வரைந்து, நகராட்சியில் அப்ரூவல் வாங்கிக் கொடுத்துக்கொண்டிருந்தவர். ஒரு வீட்டைப் பார்த்துவிட்டால் அதில் இருக்கிற மனுஷனைத் தனியாகப் பார்க்க வேண்டியதில்லை என்பது அவர் கட்சி. கேட்கிறவர்கள் சிரிப்பார்கள். சிரித்துவிட்டுப் போகட்டும்.

"எதை வெச்சு பொணம்னு சொல்றே?"

"வூடு முழுக்க தரைய மாத்திகீறாரு பாஸ். எந்தப் படத்துல பாத்தாலும், தரைய பேத்தா அடியில ஒர்த்தன் படுத்துகினு கீறான்."

"நீ படத்தைக் குறைச்சுக்கோ. முதல்லேர்ந்து சொல்லு."

முதலிலிருந்து என்றால் நர்மதாவிலிருந்து. இரண்டு நாளைக்கு முன்னால் மாடியேறி வந்த பெண் அவள். எர்ணாவூரில் இறால் உரிக்கிற ஷெட்டில் வேலை, திருவொற்றியூர்க் குப்பத்தில் அம்மா வீட்டில் ஜாகை. புருஷன் விமல் விசாகப்பட்டினம் துறைமுகத்துக்கு கிரேன் வேலைக்குப் போனவன். போன சில மாதத்தில் மாமனார் கருணாகரன் வந்து, "அவன் அங்க ஒருத்திய கட்டிக்கினாம்மா. இனிமே வர மாட்டான். நீ உன் வழிய பாத்துக்கோ" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். அது நடந்து இரண்டு வருஷம் ஆகிறது.

நர்மதா அழவில்லை. கழுத்தில் கிடந்த மஞ்சள் கயிற்றை வெளியே இழுத்துக் காட்டினாள். "சார், இத்த கழட்டறதா, வேணாமா? எனக்கு அது ஒண்டிதான் தெரியணும். அவுரு கட்டிகினது நெசம்னா ஒரு போட்டோ காட்டு, அங்கியே கழட்டிக் கடாசிடறேன். பொய்யின்னா எங்க கீறாருன்னு சொல்லு. ஒண்ணும் தெரியாம சொமந்துகினு கீறேன் சார். கழுத்து வலிக்குது."

போகும்போது இன்னொன்றும் சொன்னாள். மாமனார் வீடு எர்ணாவூரில் மெயின் ரோட்டைப் பார்த்தபடி இருக்கிறது. எதிரிலேயே, வேலை முடிந்து அவள் பஸ் ஏறுகிற இடம். "அந்தக் கெழவன் நான் பஸ்ஸுக்கு நிக்கறப்போ எதுக்க வந்து நின்னு, என் மூஞ்சிய உத்துப் பாத்துட்டு போவாரு சார். வெக்கமே கெடையாது. ஒரு நாளு காறித் துப்பிட்டேன். அப்பவும் பாத்துட்டுதான் போனாரு."

அந்த 2003ஆம் வருஷம் எல்லா வீட்டிலும் மழைநீர் சேகரிப்புக் குழி தோண்டியாக வேண்டும் என்று சர்க்கார் உத்தரவு போட்டிருந்தது. தெருவுக்கு நாலு பேர் பைப் விற்றுக்கொண்டு அலைந்தார்கள். ஐந்தாவது ஆளாக ஷாலுவும் ஒரு துண்டு பைப்பைத் தூக்கிக்கொண்டு முந்தின நாள் கருணாகரன் வீட்டுக் கதவைத் தட்டியிருந்தாள்.

"வாசல்ல நிக்க வெச்சே பேசி அனுப்பிட்டாரு பாஸ். மழைத்தண்ணி குழி வோணுமான்னேன். 'இந்தத் தெருவுல மொதல்ல தோண்டினவனே நான்தாம்மா. ஆபீசர் வந்து கேக்கறதுக்கு முன்னாடியே முடிச்சுட்டேன்'னாரு."

"கதவு திறந்துதானே இருந்துச்சு? உன் கண்ணு என்ன பண்ணுச்சு?"

"கண்ணு அதும்பாட்டுக்கு உள்ள பூந்து டீ குட்ச்சிட்டு வந்துச்சு. சுட்ச்சு போர்டு எல்லாம் என் இடுப்புக்குக் கீழ. கொழாயும் அப்டிதான். ரோட்டப் பாத்த ஜன்னல் முட்டி உசரத்துக்கு எறங்கி கீது, கொசு வலை வேற. பாத்ரூமுக்கு இஸ்து மூடற கதவு. வாசல்ல படி இருக்கற எடத்துல ஏதோ புது சிமெண்ட் வேலை, ஈரச் சாக்கு போட்டு மூடி வெச்சிகீறாரு. அப்பால, இத்த என் கண்ணே நம்பல பாஸ். நெலப்படிய காணோம்."

கண்ணாடி துடைத்த கை நின்றது. "காணோம்னா?"

"அறுத்துட்டாரு. ரம்பம் வெச்சு, தரையோட தரையா."

பக்தவச்சலம் எழுந்து ஜன்னலோரம் போய் நின்றார். ஊரில் எத்தனை வீட்டுக்கு அவர் பிளான் போட்டிருக்கிறார். ஓட்டை ஒடிசல் குடிசையானாலும் நிலைப்படிக்கு மஞ்சள் பூசிக் குங்குமம் வைப்பார்கள். அதன்மேல் குழந்தை ஏறி நின்றால்கூட வீட்டுப் பெண்கள் அலறுவார்கள். வீட்டையே விற்க நேர்ந்தாலும் நிலைப்படியைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டுத்தான் இறங்குவார்கள். அதில் போய் ஒருத்தன் ரம்பத்தை வைத்தான் என்றால், அவனுக்குச் சாமி குத்தத்தைவிடப் பெரிய அவசரம் ஏதோ இருந்திருக்கிறது.

"மொட்டை மாடியில என்ன இருக்கு?"

"நாலு மூலையிலயும் தூண் கம்பி நீட்டிகினு கீது. நல்லா துரு புடிச்சு."

"மாடி ஏத்தணும்னு ஆசைப்பட்டு விட்ட கம்பி. மகன் குடித்தனத்துக்குக் கட்ட வேண்டிய மாடி. அதைக் கட்டல. கவனி ஷாலு. தரை மாத்தறது, உள்பூச்சு, சுண்ணாம்பு, ஓடு மாத்தறது, சன்ஷேடு, மழைத்தண்ணிக் குழி, இது எதுக்கும் நகராட்சி வாசலை மிதிக்க வேண்டாம். மாடி ஏத்தினாத்தான் பிளான், அப்ரூவல், அப்புறம் டேப்பைத் தூக்கிக்கிட்டு ஒரு ஆள் வீட்டுக்குள்ள வருவான். இவர் ரெண்டு வருஷமா செஞ்சதெல்லாம் பார், யாரும் உள்ள வந்து பார்க்க வேண்டாத வேலை. குழியைக்கூட ஆபீசர் வர்றதுக்கு முன்னாடியே தோண்டிட்டார்."

"அதான் நானும் சொல்லிகினு கீறேன். பொணம்."

"பொணத்துக்கு எதுக்குடீ சுவிட்ச்?"

ஷாலுவின் வாயில் பஜ்ஜி அப்படியே நின்றது.

* * *

கொத்தனார் பேர் பொன்னுரங்கம் என்று தெருமுனைக் கடையில் கேட்டு வைத்திருந்தாள் ஷாலு. விம்கோ நகரில் ஒரு வீட்டுக்குச் சுவர்ப் பூச்சு வேலை செய்துகொண்டிருந்தார். சாரத்தின் மேல் நின்றவரைப் பக்தவச்சலம் அண்ணாந்து பார்த்துக் கும்பிட்டார்.

"எங்க மாமாவுக்குத் திடீர்னு கால் விழுந்துருச்சு கொத்தனாரே. எர்ணாவூர் கருணாகரன் வீட்டுல நீங்க செஞ்ச மாதிரியே எங்களுக்கும் செஞ்சு தரணும்."

கரண்டி சுவரிலேயே நின்றது. "அவுரு வூட்ல ஒண்ணும் பெரிசா செய்யல சார். சின்னச் சின்ன வேலைதான். அவுருக்குக் கால் வலி. அதான் சுட்ச்சு எல்லாம் கீழ எறக்கினோம்."

"கால் வலிக்காரர் சைக்கிளை மிதிச்சுக்கிட்டு எண்ணூர் வரைக்கும் மீன் வாங்கப் போறாராமே?"

"மீனு மேல ஆசை ஜாஸ்தி போல கீது" என்றாள் ஷாலு. "காலு வலிச்சாலும் நாக்கு வலிக்காது இல்ல?"

பொன்னுரங்கம் சிரிக்கவில்லை. பக்தவச்சலம் விடாமல், வியாபாரம் பேசுகிற குரலிலேயே கேட்டார். "அந்த பாத்ரூம் கதவு எவ்வளவு அகலம் வெச்சீங்க?"

"வண்டி போற அளவுக்கு வெச்சோம் சார்."

சொன்ன பிறகுதான் சொன்னது அவருக்கே உறைத்தது. கரண்டியைச் சட்டியில் போட்டுவிட்டு, சாரத்திலிருந்து இறங்கி வந்து, தோளில் கிடந்த துண்டால் முகத்தைத் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார்.

"எந்த வண்டி கொத்தனாரே?"

"எனக்கு ஒண்ணும் தெரியாது சார். அந்தத் தெருவுல யாருக்கும் ஒண்ணும் தெரியாது. புண்ணியமா போவும், கெளம்பு சார்."

கண் சிவந்திருந்தது. சிமெண்ட் தூசி விழுந்திருக்கும் என்று நினைத்துக்கொண்டாள் ஷாலு. பயந்துவிட்டான் என்று நினைத்தார் பக்தவச்சலம். இரண்டு பேருக்கும் அன்றைக்கு நேரம் சரியில்லை.

ரோட்டுக்கு வந்ததும் அவர் குரலைத் தாழ்த்திச் சொன்னார். "சக்கர நாற்காலி. உக்காந்த கைக்கு எட்டற சுவிட்ச். உக்காந்த கண்ணுக்கு எட்டற ஜன்னல். நாற்காலி உருளணும்னுதான் தரையை மாத்தி, நிலைப்படியை அறுத்திருக்கார். வாசல்ல சாக்குக்கு அடியில இருக்கறது சரிவு. விமல் விசாகப்பட்டினத்துலயும் இல்ல, எவளையும் கட்டிக்கவும் இல்ல. அப்பா வீட்டுக்குள்ளயே நடக்க முடியாம உக்காந்திருக்கான்."

"அய்யோ பாஸ்!" ஷாலு நடுரோட்டில் குதித்தே விட்டாள். ஒரு தண்ணி லாரிக்காரன் ஹாரன் அடித்துத் திட்டிக்கொண்டு போனான். "உன் தலைய குடு, திருஷ்டி கழிக்கறேன். அந்தப் பொண்ணு இன்னா சந்தோசப்படும்!"

"சந்தோஷமெல்லாம் அப்புறம். ரூல் ஞாபகம் இருக்கில்ல? கடைசிக் கதவைத் தட்டிப் பார்க்கற வரைக்கும் கேஸ் குடுத்தவங்க காதுல ஒண்ணும் போடக் கூடாது."

"எனக்கேவா ரூலு?" என்றாள் ஷாலு.

அவர் சோடா குடிக்கப் பெட்டிக்கடைக்குப் போனார். பக்கத்திலேயே மஞ்சள் பெயிண்ட் அடித்த எஸ்.டி.டி. பூத் இருந்தது. ஷாலுவின் மேல் ஒரேயடியாகக் குற்றம் சொல்லவும் முடியாது. கழுத்து வலிக்கிறது என்று அந்தப் பெண் சொன்னதிலிருந்து இவளுக்கும் எங்கேயோ வலித்துக்கொண்டிருந்தது. பூத்துக்குள் நுழைந்து இறால் ஷெட்டுக்குப் போன் போட்டு, சூப்பர்வைசரிடம் சண்டை பிடித்து, நர்மதாவை லைனுக்கு வரவழைத்தாள்.

"நர்மதா, உன் வூட்டுக்காரு எங்கியும் ஓடல. எவளையும் கட்டல. உன் மாமனார் வூட்லயே கீறாரு. காலு ஒண்டி நடக்க வராது, அதான் மறைச்சு வெச்சிகீறாங்க."

இறால் ஷெட்டில் தண்ணீர் கொட்டுகிற சத்தம் மட்டும் கேட்டது. பிறகு, "நெசமாவா?" என்று ஒரு குரல். சின்னப் பிள்ளைக் குரல் மாதிரி இருந்தது.

"என் மேல சத்தியம்."

"படி ஏறி எறங்க முடியாதா அவுரால?"

"முடியாது. அதனால இன்னா, நீ இஸ்துகினு போ."

நர்மதா சிரித்தாள். சிரித்தாளா அழுதாளா என்று ஷாலுவுக்குத் தெரியவில்லை. அதற்குள் லைன் போய்விட்டது.

* * *

எண்ணூர் பஸ்ஸில் ஜன்னலோர சீட் கிடைத்தும் பக்தவச்சலத்தின் முகம் கறுத்துக்கொண்டே வந்தது. ஷாலு இரண்டு ஜோக் சொல்லிப் பார்த்தாள். ஒன்றுக்கும் மனுஷன் அசையவில்லை.

"ஷாலு, அந்தச் சாக்கு நேத்து ஈரமாவா இருந்துச்சு?"

"சொட்டச் சொட்ட."

"புதுப் பூச்சுக்குத்தான் சாக்கை நனைச்சுப் போடுவாங்க. காய்ஞ்சதும் எடுத்துடுவாங்க. அப்போ அந்த வேலை இந்த வாரம் நடந்த வேலை." அவர் கண்ணாடியைக் கழற்றினார். துடைக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டார். "நடக்க முடியாதவனை வீட்டுக்குக் கொண்டுவந்தா எதை முதல்ல செய்வாங்க?"

"சரிவுதான். அது இல்லாம வண்டி எப்டி உள்ள போவும்?"

"ரெண்டு வருஷத்துக்கு முன்னாடியே செஞ்சிருக்க வேண்டிய சரிவை இந்த வாரம் எதுக்குச் செய்யறார்?"

ஷாலு பஸ் டிக்கெட்டை மடித்து மடித்துச் சின்னதாக்கினாள்.

"கொத்தனார் கண்ணை நாம தப்பாப் படிச்சுட்டோம்" என்றார் அவர். "நல்ல வேளை, அந்தப் பொண்ணுகிட்ட நீ ஒண்ணும் சொல்லல. சொல்லல இல்ல?"

அவள் எதிர் சீட்டின் கம்பியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் திரும்பிப் பார்த்தார். திட்டவில்லை. ஒரு வார்த்தை திட்டியிருந்தால்கூட அவளுக்குத் தேவலாம் போலிருந்திருக்கும். எழுந்து போய் டிரைவரிடம், "கொஞ்சம் சீக்கிரம் போப்பா" என்று மட்டும் சொன்னார்.

சீக்கிரமா? கண்டெய்னர் லாரிகள் வரிசை கட்டி நிற்கிற ரோட்டில் எந்த டிரைவரால் சீக்கிரம் போக முடியும்?

* * *

நர்மதா அவர்களுக்கு முன்னாலேயே வந்துவிட்டிருந்தாள்.

கருணாகரன் வீட்டு கேட்டுக்குள் நின்றாள். வேலை உடுப்பின் மேல் போடுகிற பிளாஸ்டிக் ஏப்ரனைக் கழற்ற மறந்திருந்தாள். ஆனால் கையை எலுமிச்சம் பழம் போட்டுத் தேய்த்துக் கழுவியிருந்தாள், தலையில் புதிதாக ஒரு முழம் கனகாம்பரம். அதைப் பார்த்ததும் ஷாலுவுக்குத் தன் நாக்கை அறுத்துப் போட்டுவிடலாம் போலிருந்தது.

"கால வெக்காதம்மா. ஈரமா கீது" என்று உள்ளேயிருந்து ஒரு குரல். கருணாகரன். ஒல்லியான மனுஷர், லாரிப் பட்டறையில் உழைத்த கை மட்டும் பெரியது. கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"அவுரு எங்க மாமா?"

அவர் குனிந்து சாக்குகளை ஒவ்வொன்றாக எடுத்து ஓரமாகப் போட்டார். அடியில் சரிவு இல்லை. படிகள் இருந்தன. கூர் மழுங்காத, புத்தம் புதிய சிமெண்ட் படிகள். சரிவை இடித்த துண்டுகள் சுவரோரம் குவிந்து கிடந்தன. பக்கத்தில் புது நிலைப்படிக் கட்டை ஒன்று, மஞ்சள் பூசி, பொருத்துவதற்குத் தயாராகச் சாய்ந்திருந்தது.

பக்தவச்சலம் கேட்டுக்கு வெளியிலேயே நின்றுவிட்டார்.

"இன்னா மாமா இது?"

"படிம்மா."

"அவுரால படி ஏற முடியாதுன்னு சொன்னாங்களே." நர்மதா திரும்பி ஷாலுவைப் பார்த்தாள். "நீதானக்கா சொன்ன? முடியாதுன்னு சொன்னியே. அப்பால எதுக்குப் படி கட்டிகீறாரு?"

ஷாலு பதினைந்து வயசிலிருந்து யாருக்கும் பதில் பாக்கி வைத்தவள் இல்லை. அன்றைக்கு நின்றாள், அவ்வளவுதான்.

"போன மாசம் போய்ட்டாம்மா" என்றார் கருணாகரன். "முதுகுல புண்ணு. அப்பால ஜுரம். மூலக்கொத்தளம் சுடுகாட்டுல அவங்கம்மாவுக்குப் பக்கத்துலயே வெச்சுட்டேன்."

நர்மதா இடுப்பில் இருந்த ஏப்ரன் கயிற்றை அவிழ்த்தாள், மறுபடி கட்டினாள், மறுபடி அவிழ்த்தாள்.

"கிரேன்லேர்ந்து உழுந்தான்மா. இடுப்புக்குக் கீழ ஒண்ணும் இல்லன்னுட்டாங்க. வண்டியில போட்டு எடுத்துனு வந்தேன். வந்த அன்னிக்கே என் கைய புட்ச்சுகினான். 'நைனா, நான் இப்டி கெடக்கறது தெரிஞ்சா அவ இங்கியே வந்து குந்திக்குவா. எனக்கு மூத்திரத் துணி தொவைச்சே அவ வயசு போய்டும். செத்துட்டேன்னு சொன்னாலும் தாலிய அறுத்துட்டு மூலையில குந்திக்குவா. ஓடிட்டேன்னு சொல்லு. கோவம் வரும். கோவம் வந்தா பொழைச்சுக்குவா'ன்னான். தெருவுல எல்லார் கையிலயும் சத்தியம் வாங்கினான்மா. பொன்னுரங்கத்துகிட்ட அழுதே வாங்கினான். சாவறப்போ கூட, இப்பவும் சொல்லாதன்னுதான் சொன்னான்."

"நான் கோவப்பட்டேன் மாமா" என்றாள் நர்மதா. "நல்லாத்தான் கோவப்பட்டேன்."

கிழவர் உடைந்துபோனார். கதவுச் சட்டத்தில் தலையை முட்டிக்கொண்டு அழுதார். "சரிவு மேல கால வெச்சா வண்டி சத்தம் கேக்குதும்மா. அதான் இடிச்சுட்டேன். நாளைக்கி ஜன்னல அடைக்க பொன்னுரங்கம் வரான்."

"எந்த ஜன்னலு?"

அவர் கையைக் காட்டினார். நர்மதா ஈரப் படியைத் தாண்டிக் காலை வைத்து உள்ளே போனாள். அந்த அறையில் சக்கர நாற்காலி இன்னும் ஜன்னலைப் பார்த்தபடியே நின்றது. கைப்பிடி உரசி உரசிச் சுவரில் ஒரே உயரத்தில் கறுப்புக் கோடு. அவள் அந்த நாற்காலியில் உட்கார்ந்தாள். உட்கார்ந்ததும் ஜன்னல் சரியாகக் கண்ணுக்கு நேராக வந்தது. கொசு வலைக்கு அப்பால் ரோடு, ரோட்டுக்கு அப்பால் பஸ் ஸ்டாப். தினமும் அவள் நிற்கிற இடம்.

"வெளியிலேர்ந்து பாத்தா உள்ள ஒண்ணும் தெரியாது. உள்ளயிருந்து பாத்தா எல்லாம் தெரியும்" என்று கருணாகரன் பின்னால் வந்து நின்றார். "நீ பஸ் ஏறற நேரம் வந்தா அவனுக்கு சோறு கூட எறங்காது. இத்த எறக்கி வெச்சுக் குடுன்னு அவன் கேட்டதுதான். இந்த வூட்ல அவன் வாய தொறந்து கேட்டது இது ஒண்டிதான்."

நர்மதா வெளியே பார்த்தபடியே இருந்தாள்.

"மாமா, நான் இந்தப் பக்கம் திரும்பினதே இல்லியே."

அவள் கொசு வலையை விரலால் தொட்டாள்.

"இந்த வூட்ட கண்ணால பாக்கக் கூடாதுன்னு அந்தப் பக்கம் பாத்துகினுதானே நிப்பேன். மழையிலயும் வெயில்லயும் முதுகக் காட்டிகினே நின்னேன் மாமா."

"ஆமாம்மா. உன் பின்னல் ஒண்டிதான் தெரியும். 'இன்னிக்கி கனகாம்பரம் வெச்சிகீது நைனா'ம்பான். 'இன்னிக்கி ஒண்ணும் வெக்கல, இன்னா கோவமோ'ம்பான்." கிழவர் வேட்டி நுனியால் கண்ணைத் துடைத்தார். "மூஞ்சி எப்டி கீதுன்னு கேப்பான். அதான் நான் எறங்கி வந்து உன்ன பாத்துட்டுப் போய் சொல்லுவேன். கொஞ்சம் இளைச்சிருக்கா. இன்னிக்கி நல்லா கீறா. தூங்கல போல கீது. அவ்ளோதான். அத்த கேட்டுட்டுத்தான் சாப்புடுவான்."

கூடவே உள்ளே வந்திருந்த ஷாலு சுவரோரம் ஒதுங்கினாள். பக்தவச்சலம் வாசலில் முதுகைத் திருப்பிக்கொண்டு நின்றார். துப்பறியும் ஆளுக்கு அழத் தெரியாது என்று ஊரில் ஒரு பேச்சு உண்டு. அதைச் சொன்னவன் அன்றைக்கு எர்ணாவூருக்கு வந்திருக்க வேண்டும்.

"நான் உன் மேல துப்பினேனே மாமா" என்றாள் நர்மதா.

"அதெல்லாம் அவன்கிட்ட சொல்லலம்மா. அன்னிக்கி நீ சிரிச்சன்னு சொல்லிட்டேன்."

அப்போதுதான் அவள் அழுதாள். நாற்காலியின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, குனிந்து, ரோட்டில் போகிற சைக்கிள்காரன் திரும்பிப் பார்க்கிற அளவுக்கு அழுதாள். இரண்டு வருஷம் அடக்கி வைத்தது அத்தனையும் வந்தது. கிழவர் அவள் தலையில் கை வைக்கலாமா கூடாதா என்று தெரியாமல் கையை நீட்டிக்கொண்டே நின்றார்.

வெகுநேரம் கழித்து அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள்.

"சார்" என்று பக்தவச்சலத்தைக் கூப்பிட்டாள். "இத்த கழட்டறதா வேணாமான்னு உங்கிட்ட கேட்டேன் இல்ல? தெரிஞ்சுபோச்சு. மாமா, நாளைக்கி என்ன மூலக்கொத்தளம் இட்டுகினு போ. அங்க அவுரு தலமாட்டுல வெச்சு நானே கழட்டறேன். இங்க வேணாம்."

"சரிம்மா."

"ஜன்னல அடைக்காத."

"சரிம்மா."

"அந்த வண்டியில நீ கொஞ்சம் குந்து."

அவருக்குப் புரியவில்லை. ஆனாலும் உட்கார்ந்தார். நர்மதா நாற்காலியை ஜன்னலுக்கு நேராகத் தள்ளி வைத்தாள். தலையில் இருந்த பூவைச் சரி பண்ணிக்கொண்டாள். ஏப்ரனைக் கழற்றி மூலையில் போட்டுவிட்டு, புதுப் படியில் இறங்கி, கேட்டைத் தாண்டி, லாரிகளுக்கு நடுவில் புகுந்து ரோட்டைக் கடந்தாள்.

பஸ் ஸ்டாப்பில் தினமும் நிற்கிற அதே இடத்தில் போய் நின்றாள். வீட்டைப் பார்த்து நின்றாள்.

ஒரு பஸ் வந்தது, போனது. அவள் ஏறவில்லை. இன்னொன்று வந்தது. கண்டக்டர் ஏதோ கேட்டான். அவள் தலையை மட்டும் ஆட்டினாள், ஜன்னலிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. வெயில் நேராக அவள் முகத்தில் விழுந்தது. அழுது வீங்கின கண், மூக்கில் சின்னக் கல், எல்லாம் கொசு வலைக்குள்ளிருந்து நன்றாகத் தெரிந்தது.

ஷாலு நாற்காலிக்குப் பின்னால் நின்றிருந்தாள். அவளுக்கு முன்னால் கருணாகரன் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு முன்னால் சாய்ந்தார். வழக்கமாகச் சொல்கிற குரலிலேயே, அறையில் யாரோ கேட்டுக்கொண்டிருப்பது மாதிரி சொன்னார்.

"கொஞ்சம் இளைச்சுதான் கீறா, விமலு."